பள்ளிக்கூடச் சுவரில் ஐரோப்பா

மார்ச் 28

வணக்கம்.

மேலே யாருக்கு என்று எழுதாமல் இடம் விட்டிருக்கிறேன். 'அண்ணி' என்று எழுதினேன், அடித்துவிட்டேன். என் அண்ணன் இறந்து போய், நீங்கள் வேறொருவரைக் கல்யாணம் செய்துகொண்ட பிறகு அந்த வார்த்தை செல்லுமா செல்லாதா என்று எனக்குத் தெரியவில்லை. 'டீச்சர்' என்று எழுதிப் பார்த்தேன். எனக்கே சிரிப்பு வந்தது. அதனால் வெறும் வணக்கம்.

போன் செய்திருக்கலாம். மூன்றாவது வாக்கியத்தில் சண்டை வந்திருக்கும். காகிதம் என்றால் கிழித்துப் போட்டுவிட்டு வேறு எழுதலாம்.

விஷயத்துக்கு வருகிறேன். தெருமுனைப் பள்ளிக்கூடத்தின் பக்கச் சுவர் இருக்கிறதே, முப்பது அடி நீளம், அதில் ஐரோப்பா வரைபடம் வரையச் சொல்லியிருக்கிறார்கள். "உலக வரைபடம் எல்லா ஸ்கூல்லயும் இருக்கும்மா. பத்தாம் வகுப்புப் பாடத்துல ரெண்டு உலகப் போரும் அங்கதான் நடக்குது. பசங்களுக்கு எது எங்க இருக்குன்னே தெரியல" என்றார் தலைமையாசிரியை. ஒரு படமும் கொடுத்தார். உள்ளங்கை அளவு. அதிலும் மை பரவி, இத்தாலி எது, அதன் நிழல் எது என்று தெரியவில்லை.

எனக்குக் கடைப் பலகை எழுதத் தெரியும். பல் தெரியச் சிரிக்கும் குழந்தை போட்டு பல் டாக்டர் போர்டு வரையத் தெரியும். ஐரோப்பா தெரியாது. தெரிந்தவர் என்று எனக்கு உங்களைத் தவிர யாரும் இல்லை. நாடுகள், தலைநகரங்கள், ஆறுகள், மலைகள் எல்லாம் வேண்டுமாம். பள்ளிக்கூடம் திறப்பதற்குள் முடிக்க வேண்டும். எத்தனை நிறம் வாங்க வேண்டும் என்பதையும் சொல்லுங்கள்.

இதற்கும் பழைய விஷயத்துக்கும் முடிச்சுப் போட வேண்டாம். வேலை விஷயமாக மட்டும் எழுதுகிறேன்.


ஏப்ரல் 3

வாண்டுக்கு,

உனக்கு உன் அண்ணன் வைத்த பெயரைத் தவிர வேறு பெயரில் உன்னை நான் கூப்பிட்டதில்லை. முப்பத்தாறு வயதானாலும் நீ வாண்டுதான். எனக்கு அதில் குழப்பம் ஏதும் இல்லை.

நான் நன்றாக இருக்கிறேன். நீ கேட்கவில்லை. இருந்தாலும் சொல்கிறேன்.

இதனுடன் ட்ரேசிங் பேப்பரில் வரைந்து, கட்டம் போட்டு அனுப்பியிருக்கிறேன். ஒரு கட்டம் சுவரில் ஒரு அடி. நான்கு மூலைகளையும் முதலில் குறித்துக்கொள். மேல் இடது மூலையில் ஐஸ்லாந்து தனியாக நிற்கும். இடமில்லை என்று அதை நகர்த்திவிடாதே. வலது கோடியில் யூரல் மலை. மூன்று பக்கமும் கடல் இந்தக் கண்டத்துக்கு வேலி போட்டிருக்கிறது. கிழக்கே மட்டும் கடல் கிடையாது. சுமார் முந்நூறு வருடங்களுக்கு முன்னால் மனிதர்கள் பேசி, அந்த மலைத்தொடர்தான் எல்லை என்று வைத்துக்கொண்டார்கள். ஆகவே அங்கே கொஞ்சம் முன்னே பின்னே இருந்தால் பரவாயில்லை.

நிறம் எத்தனை என்று கேட்டாய். எந்த வரைபடமானாலும் நாலு நிறம் போதும், ஒட்டியிருக்கும் இரண்டு நாடுகளுக்கு ஒரே நிறம் வராமல் பார்த்துக்கொள்ளலாம் என்று இங்கே இவர் சொல்கிறார். இவர் கணக்கு வாத்தியார், உனக்குத் தெரியும். அது நிரூபித்த விஷயமாம். கடலுக்கு நீலம் தனி.

சாரத்தில் ஏறும்போது யாரையாவது கீழே நிற்கச் சொல்.

அண்ணி

(நான் அடிக்கவில்லை, பார்.)


ஏப்ரல் 12

வணக்கம்.

கட்டம் வந்து சேர்ந்தது. சாக்பீஸ் தூள் தடவிய நூலை இழுத்துக் கட்டி, சுண்டிச் சுண்டிக் கோடு போட்டேன். இரண்டு நாளில் சுவர் முழுக்க வலை விரித்த மாதிரி ஆகிவிட்டது.

முதல் சிக்கல். சுவரின் வலது கோடியில் கழிப்பறைக் கதவு இருக்கிறது. உங்கள் யூரல் மலை நேராக அந்தக் கதவின் மேல் விழுகிறது. வாட்ச்மேன் பார்த்துவிட்டு, "அவசரத்துல வர்றவன் மலையைத் தள்ளிட்டுல்ல உள்ள போகணும்?" என்றார். நீங்கள்தான் முன்னே பின்னே இருக்கலாம் என்றீர்களே, மலையை ஒரு அடி மேற்கே தள்ளிவிட்டேன். இடது பக்கம் தண்ணீர்க் குழாய். அது போர்ச்சுகலுக்குப் பக்கத்தில். கப்பலேறி ஊர் ஊராகப் போனவர்கள்தானே, நனையட்டும் என்று விட்டுவிட்டேன்.

நாலு நிறம் என்று யாரோ சொன்னதை நான் நம்பவில்லை. பொய்யாக்கிக் காட்ட வேண்டும் என்றே காகிதத்தில் போட்டுப் பார்த்தேன். லக்ஸம்பர்க்கில் வந்து மாட்டினேன். அதைச் சுற்றி பிரான்ஸ், ஜெர்மனி, பெல்ஜியம், மூன்றும் ஒன்றையொன்று தொட்டுக்கொண்டு நிற்கின்றன. மூன்று நிறம் அங்கேயே காலி. நாலாவதை லக்ஸம்பர்க்குக்குக் கொடுத்தேன். சரியாக வந்துவிட்டது. அப்புறம் எங்குமே ஐந்தாவது டப்பாவைத் திறக்க வேண்டி வரவில்லை. எரிச்சலாக இருந்தது.

ஒரு சந்தேகம். போலந்துக்கு மேலே, கடலோரம், சின்னத் துண்டு ஒன்றுக்கு ரஷ்யாவின் பெயர் எழுதியிருக்கிறீர்கள். ரஷ்யா எங்கேயோ இருக்கிறது. கை தவறிப் போட்டீர்களா?

பெரிய எழுத்தெல்லாம் அண்ணன்தான் எழுதுவான். நான் உள்ளே நிறம் அடைப்பேன். 'அட்லாண்டிக் பெருங்கடல்' என்று எழுத ஏறினேன். முதல் எழுத்தைப் பாதியிலேயே துடைத்துவிட்டேன். இறங்கிவிட்டேன். மறுநாள் எழுதினேன்.


ஏப்ரல் 18

வாண்டுக்கு,

கை தவறவில்லை. அந்தத் துண்டின் பெயர் காலினின்கிராட். ஒரு காலத்தில் அது ஜெர்மானியர்களின் ஊர், பெயரும் வேறு. இரண்டாம் உலகப் போர் முடிந்ததும் சோவியத் யூனியன் எடுத்துக்கொண்டது. அப்போது அதற்கும் ரஷ்யாவுக்கும் நடுவில் இருந்த லிதுவேனியா, லாத்வியா எல்லாமே சோவியத்துக்குள் இருந்ததால் யாருக்கும் அது தனித் துண்டாகத் தெரியவில்லை. 1991இல் அவை பிரிந்து போனதும் இது மட்டும் அங்கேயே நின்றுவிட்டது. அங்கே இருப்பவர் தரை வழியாகத் தம் நாட்டுக்கே போக வேண்டுமானால் அடுத்தவர் நாட்டைத் தாண்டித்தான் போக வேண்டும். ரஷ்யாவுக்குப் போட்ட நிறத்தையே அதற்கும் போடு.

போலந்தைப் பற்றி ஒன்று சொல்கிறேன், வாட்ச்மேனிடமும் சொல். பக்கத்தில் இருந்த மூன்று அரசுகள் சேர்ந்து அதைப் பங்கு போட்டுக்கொண்டன. நூறு வருடங்களுக்கும் மேலாக எந்த வரைபடத்திலும் போலந்து என்ற நாடே கிடையாது. ஆனால் ஜனங்கள் வீட்டுக்குள் தங்கள் மொழியைப் பேசிக்கொண்டேதான் இருந்தார்கள். முதல் உலகப் போர் முடிந்ததும் நாடு திரும்ப வந்துவிட்டது. வகுப்பில் இதைச் சொல்லும்போது பிள்ளைகள் எல்லோரும் நிமிர்ந்து உட்காருவார்கள்.

எழுத்தைப் பற்றி எழுதியிருந்தாய். அவர் எழுதும்போது மூச்சைப் பிடித்துக்கொள்வார், நினைவிருக்கிறதா? எழுத்து முடிந்ததும் 'ஸ்ஸ்' என்று விடுவார். நீயும் அப்படிச் செய்து பார்.

இன்னும் எழுத நினைத்தேன். வேண்டாம், வேலை விஷயம் மட்டும் என்று நீ சொல்லியிருக்கிறாய்.

அண்ணி


மே 9

உங்களை நம்பி ஏறினேன் பாருங்கள், என்னைச் சொல்ல வேண்டும்.

இன்று பள்ளித் தாளாளர் வந்தார். முக்கால்வாசி வேலை முடிந்துவிட்டது. டான்யூப் ஆற்றை நேற்றுத்தான் முடித்தேன். ஒரே ஆறு, பத்து நாடு, கரையில் நாலு தலைநகரம். அதை வளைத்து வளைத்துக் கொண்டுபோய்க் கருங்கடலில் விடுவதற்குள் கழுத்து பிடித்துக்கொண்டது. அவர் ரசித்துப் பார்ப்பார் என்று நினைத்தேன். கைபேசியைச் சுவருக்கு நேராகப் பிடித்துக்கொண்டு ஒவ்வொன்றாகப் பார்த்தார். அப்புறம், "செர்பியாவுக்கு ஏதும்மா கடற்கரை? அங்க மாண்டினீக்ரோன்னு ஒரு நாடு இருக்கணுமே, எங்க?" என்றார்.

நான் உங்கள் காகிதத்தைக் காட்டினேன். அதில் 'செர்பியா - மாண்டினீக்ரோ' என்று சேர்த்து எழுதியிருக்கிறது. இடம் போதாது என்று நான் செர்பியா மட்டும் எழுதியிருந்தேன். "அது பிரிஞ்சு எவ்வளவோ வருஷமாச்சு. எந்தக் காலத்து மேப்பைப் பாத்து வரையறீங்க?" என்றார். எல்லோருக்கும் முன்னால். தலைமையாசிரியைக்கு முகம் சுண்டிவிட்டது. "ஒண்ணு தப்புன்னா இன்னும் எத்தனை தப்போ? மொத்தத்தையும் வெள்ளையடிச்சுடலாம்" என்கிறார்கள். அடுத்த வாரம் சனிக்கிழமை முடிவு செய்வார்களாம்.

புவியியல் டீச்சர், இருபது வருடமாகப் பாடம் நடத்துகிறீர்கள். ஒரு நாட்டை விட்டுவிட்டீர்கள். ஆச்சரியமில்லை. விட்டுவிட்டுப் போவது உங்களுக்குப் பழக்கம்தானே.


மே 13

வாண்டுக்கு,

உன் கடிதத்தை மூன்று தடவை படித்தேன். கடைசி வரியை மட்டும் அதற்கு மேலும்.

தப்பு என்னுடையது. அதில் உனக்குப் பங்கில்லை. அதைத் தாளாளரிடம் நீ சொல்லலாம். தனியாகக் கடிதம் வேண்டுமானாலும் தருகிறேன். மாண்டினீக்ரோ 2006இல் வாக்கெடுப்பு நடத்திப் பிரிந்தது. எனக்குத் தெரியாமல் இல்லை, வருடா வருடம் பிள்ளைகளுக்குச் சொல்கிறேன். பள்ளிக்கூடத்தில் என் மேசை மேலேயே புது அட்லஸ் இருக்கிறது. ஆனால் உனக்கென்று வரைய உட்கார்ந்தபோது நான் எடுத்தது வீட்டில் இருக்கும் பழைய அட்லஸை. எனக்கு வேலை கிடைத்த வாரம் உன் அண்ணன் பழைய புத்தகக் கடையில் வாங்கி வந்தது. முதுகு கிழிந்து, அவரே துணி ஒட்டிப் பைண்டிங் செய்து கொடுத்தது. அவருடைய தங்கை கேட்கிறாள், அவர் தம் சுவர் என்று நினைத்திருக்கக்கூடிய சுவர், அதற்கு வேறொன்றைத் தொட மனம் வரவில்லை. கோடு போட்டேனே தவிர, போட்டதைப் படித்துப் பார்க்கவில்லை. கண் மங்கியிருந்தது.

இப்போது நீ கேட்காததையும் சொல்கிறேன். அவர் போன பிறகு ஒன்றரை வருடம் இரண்டு பேருக்குச் சமைத்துக்கொண்டிருந்தேன். அளவு கைக்கு வரவில்லை. பாதியைக் கொட்டுவேன். சாயங்காலம் கதவைத் திறந்து நானே விளக்கைப் போட வேண்டும். நீ உன் அறையில் கதவைச் சாத்திக்கொண்டு அழுவாய், நான் என் அறையில். ஒரே வீட்டில் அப்படி எத்தனை காலம்? இவர் வந்து, "ஒரு காபி சாப்பிடப் போலாமா டீச்சர்?" என்று கேட்டபோது நான் யாரையும் விட்டுவிட்டுப் போகவில்லை. அன்று வாசலில் நின்று, "இனிமே இந்தப் பக்கம் காலை வைக்காதீங்க" என்றாய். நான் வைக்கவில்லை. உன் பேச்சைக் கேட்டேன், அவ்வளவுதான்.

சரியான வரைபடம் இதனுடன் இருக்கிறது. இந்த முறை படித்துப் பார்த்துவிட்டேன்.

அண்ணி


மே 16

நீங்கள் எழுதியதைப் படித்தேன். இரவெல்லாம் யோசித்தேன் என்றெல்லாம் எழுத மாட்டேன். நன்றாகத் தூங்கினேன், ரொம்ப நாள் கழித்து.

வரைபடம் வந்ததும் முதல் வேலையாகச் செர்பியாவின் கடற்கரையைச் சுரண்டி எடுத்தேன். பட்டி பூசிக் காய வைத்து, மாண்டினீக்ரோவை வரைந்துவிட்டேன். உள்ளங்கை அளவுதான் வருகிறது, அதற்குள் தலைநகரம் 'போட்கோரிட்சா' என்று எழுத ஒற்றை மயிர் பிரஷ் தேவைப்பட்டது. மூச்சைப் பிடித்துக்கொண்டேன். வேலை செய்கிறது.

ஆனால் நான் சொன்னால் அவர்கள் நம்ப மாட்டார்கள். "நீங்க போர்டு எழுதறவங்க, உங்களுக்கு என்னம்மா தெரியும்?" என்று ஏற்கனவே சொல்லிவிட்டார்கள். சனிக்கிழமை காலை பத்து மணிக்குத் தாளாளர் வருகிறார். யாராவது தெரிந்தவர் சுவருக்கு முன்னால் நின்று ஒவ்வொரு நாடாகச் சரி பார்த்துச் சொன்னால் கேட்பார்கள்.

ரயில் நிலையத்திலிருந்து பள்ளிக்கூடத்துக்கு வருகிற வழியில்தான் நம் வீடு. அந்தப் பக்கம் காலை வைக்காமல் வர வழியில்லை. அதனால் வையுங்கள்.


மே 27

அண்ணிக்கு,

ஆமாம், எழுதிவிட்டேன். "நீங்க யாரும்மா?" என்று தாளாளர் உங்களைக் கேட்டபோது நான் சாரத்தின் மேல் இருந்தேன். "எங்க அண்ணி" என்று என் வாய் சொல்லிவிட்டது. அத்தனை பேர் காதில் விழுந்ததை இனி அடிக்க முடியாது.

நீங்கள் ரயில் ஏறிய பிறகு நடந்ததைச் சொல்கிறேன். வெள்ளையடிக்கிற பேச்சே இல்லை. போர்ச்சுகலில் தொடங்கி யூரல் வரை நீங்கள் குச்சியை வைத்துச் சொல்லிக்கொண்டே போனீர்களே, தாளாளர் கைபேசியை எப்போது பைக்குள் போட்டார் என்று கவனித்தீர்களா? போலந்தில். வாட்ச்மேன்தான் முந்திக்கொண்டு, "சார், இது நூறு வருஷம் காணாமப் போயிட்டுத் திரும்பி வந்த நாடு" என்றாரே, அப்போது. இப்போது வருகிறவர் போகிறவர் எல்லோரையும் நிறுத்தி அதையே சொல்கிறார். வட மாசிடோனியாவில் 'வட' விட்டுப்போனதை நீங்கள் கண்டுபிடித்தது நல்லதாகப் போயிற்று. "தப்பைத் தானே சொல்றவங்களை நம்பலாம்" என்றார் தலைமையாசிரியை. 'வட' போட்டுவிட்டேன். மேலே கொஞ்சம் இடம் இருந்தது, பிழைத்தேன்.

கொசோவோவுக்கு நீங்கள் சொன்னபடியே செய்தேன். சில நாடுகள் அதைத் தனி நாடென்று ஒத்துக்கொள்கின்றன, சில ஒத்துக்கொள்வதில்லை, ஆகவே புள்ளிக்கோடு. நல்ல யோசனை. கணக்கு வாத்தியாரையும் இப்போதைக்கு நான் புள்ளிக்கோட்டில்தான் வைத்திருக்கிறேன். அதை அவரிடம் சொல்லலாம். நாலு நிறம் சரியாக வந்தது என்பதையும் சொல்லுங்கள். அதைச் சொல்லாமல் இருப்பது நியாயமில்லை.

நீங்கள் மட்டும் ஏன் வந்தீர்கள் என்று நான் கேட்கவில்லை. கேட்டிருக்க வேண்டும். ஸ்டேஷன் வரை வந்து வெளியிலேயே நின்றுவிட்டாரா? ஸ்டேஷன் வாசல் டீக்கடைக்காரர், "ஒருத்தர் காலைலேருந்து மூணு டீ குடிச்சாரு, போர்டுல எழுத்தெல்லாம் அழகா இருக்குன்னு பாத்துட்டே நின்னாரு" என்றார். அந்த போர்டு அண்ணன் எழுதியது.

வாண்டு


ஜூன் 4

வாண்டுக்கு,

அவர்தான். "நீ போயிட்டு வா, நான் வந்தா அந்தப் பொண்ணுக்குச் சங்கடமா இருக்கும்" என்று கடையிலேயே நின்றுவிட்டார். மூன்று டீ குடித்ததை என்னிடம் சொல்லவில்லை. டாக்டர் ஒன்றுக்கு மேல் கூடாது என்றிருக்கிறார். மாட்டிக்கொண்டார். புள்ளிக்கோட்டைப் பற்றிப் படித்துக் காட்டினேன். வாய்விட்டுச் சிரித்தார். "முன்னாடி மேப்லயே இல்லாம இருந்தேன், அதுக்கு இது எவ்வளவோ மேல்" என்கிறார்.

இப்போது நான் வேலை விஷயமாக எழுதுகிறேன். சுவரைப் புகைப்படம் எடுத்து வந்தேன் அல்லவா, எங்கள் பள்ளிக்கூடத்தில் காட்டினேன். எங்களுக்கும் ஒரு சுவர் வேண்டுமாம். ஆப்பிரிக்கா. நாற்பது அடி, கதவு, ஜன்னல், குழாய் எதுவும் கிடையாது. முதலில் போய் அதைத்தான் பார்த்தேன். ஐம்பத்து நாலு நாடு. பல இடங்களில் எல்லை நேர்கோடாக இருக்கும், உன் நூலைச் சுண்டினால் போதும். அந்தக் கோடுகளைப் பெரும்பாலும் போட்டவர்கள் நீ இப்போது வரைந்து முடித்தாயே, அவர்கள்தான். பெர்லினில் ஒரு மேசையைச் சுற்றி உட்கார்ந்து விதி வகுத்துக்கொண்டு, பிறகு ஸ்கேல் வைத்துப் போட்டார்கள். அந்தக் கோட்டுக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் ஒரே குடும்பம் மாட்டிக்கொண்ட கதையெல்லாம் உண்டு. நீ சாரத்தில் இருக்கும்போது கீழே நின்று சொல்கிறேன்.

ஒரு மாதமாவது ஆகும். அறை எடுத்துத் தங்குகிறேன் என்று ஆரம்பிக்காதே. மாடியில் ஓர் அறை இருக்கிறது, ஜன்னலைத் திறந்தால் பள்ளிக்கூடத்து விளையாட்டு மைதானம் தெரியும். மெத்தையை வெயிலில் போட்டு எடுத்துவிட்டேன். நீ வருவாய் என்று தீர்மானம் செய்துகொண்டு போடவில்லை. சரி, செய்துகொண்டுதான் போட்டேன்.

பேருந்து நிலையத்துக்கு என்னால் வர முடியாது, அந்த நேரம் எனக்கு வகுப்பு. இவர் வந்து நிற்பார். சட்டைப் பையில் இரண்டு பேனா இருக்கும், நேரத்துக்கு முன்பே வந்து கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டிருப்பார். உனக்கு என்ன பேசுவதென்று தெரியாது, அவருக்கும் தெரியாது. பரவாயில்லை, எதுவும் பேச வேண்டாம். பெயிண்ட் டப்பா இருக்கும் பை கனமாக இருக்கும். அதை அவரிடம் கொடு.

அண்ணி